சோடா ரொட்டி ஏன் கல்லாகிறது?

கேள்வி: அயர்லாந்து சோடா ரொட்டி செய்து பார்த்தேன். பால், முட்டை, சர்க்கரை, உலர்திராட்சை எல்லாம் தாராளமாகப் போட்டு அரை மணி நேரம் பிசைந்தும் கல் மாதிரி வந்தது, சோப்பு வாடை வேறு. வசதியில்லாத காலத்து ரொட்டியை இன்னும் ஏன் கொண்டாடுகிறார்கள்?
- வாசகி, திருச்சி

பதில்: கோபித்துக்கொள்ளாதீர்கள், நீங்கள் செய்தது சோடா ரொட்டியே இல்லை. அதற்கு நான்கே பொருள்தான்: மாவு, உப்பு, சமையல் சோடா, மோர். அதில் மோரை விட்டுவிட்டுப் பாலை ஊற்றியிருக்கிறீர்கள். மோரின் புளிப்பு பட்டால்தான் சோடாவிலிருந்து வாயு கிளம்பி மாவு உப்பும், புளிப்பு இல்லாவிட்டால் பாதி சோடா அப்படியே தங்கிவிடும், உங்களுக்கு வந்த சோப்பு வாடை அதுதான். அப்புறம், அரை மணி நேரம் எதற்குப் பிசைந்தீர்கள்? இது பரோட்டா மாவு இல்லை. மோர் பட்ட நொடியிலிருந்தே வாயு போய்க்கொண்டிருக்கும், கையால் ஒன்று சேர்த்த உடனே அடுப்புக்குப் போய்விட வேண்டும்.

'வசதியில்லாத காலத்து ரொட்டி' என்று நீங்கள் சொன்னதை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. அயர்லாந்தின் ஈரக் குளிரில் விளையும் கோதுமை மென்மையானது, ஈஸ்ட் போட்டு உப்பவைக்கும் அளவுக்கு அதில் இழுவை கிடையாது. வெண்ணெய் கடையும் வீடுகளில் மோர் எப்போதும் இருந்தது, பல வீடுகளில் ரொட்டி சுடும் 'அவன்' அடுப்பு இல்லை. 1830, 40-களில் சோடா கைக்கு வந்ததும் அந்தப் பெண்கள் இந்த இரண்டையும் சேர்த்து, கனமான இரும்புச் சட்டியில் மாவை வைத்து, நாம் பிரியாணிக்குத் தம் போடுவதுபோல மூடிமேல் கங்கு அள்ளிப் போட்டுச் சுட்டெடுத்தார்கள். இருப்பதை வைத்து இவ்வளவு சரியாகக் கணக்குப் போட்ட கைப்பக்குவத்தைக் கொண்டாடாமல் என்ன செய்வது? வடக்கே தட்டையாகத் தட்டி, நான்காக வெட்டி, கல்லில் போட்டு எடுப்பார்கள், அதற்கு ஃபார்ல் என்று பெயர். திராட்சை போடுவதும் உண்டுதான், ஆனால் அதை 'ஸ்பாட்டட் டாக்' என்று வேறு பெயர் சொல்லித்தான் கேட்பார்கள்.

சரி, மறுபடி செய்யுங்கள். மைதா 450 கிராம், சோடா ஒரு டீஸ்பூன், உப்பு ஒரு டீஸ்பூன், புளித்த கெட்டி மோர் 350 முதல் 400 மில்லி (நீர்மோர் வேண்டாம்). மேலே சிலுவைபோல ஆழமாகக் கீறி, 230 டிகிரியில் 15 நிமிடம், பிறகு 200 டிகிரியில் 30 நிமிடம். அடியில் தட்டினால் வெற்றுப் பானைபோல ஒலிக்க வேண்டும். அன்றைக்கே சாப்பிட்டுவிடுங்கள், மறுநாளுக்கு மிஞ்சினால் வாட்டி, வெண்ணெயைத் தடிமனாகத் தடவி.