டார்வினின் பேத்தியும் ஒரு முதிரைத் துண்டும் – கடிதம்

வணக்கம் ஐயா,

மரத்தில் செதுக்கி, மை பூசித் தாளில் ஒற்றி எடுக்கும் மரச்செதுக்குப் படங்களைப் பற்றி எழுதும்போது குவென் ராவராவை முன்னோடி என்று சொல்லியிருந்தீர்கள். தேடிப் பார்த்தேன். டார்வினின் பேத்தி, வசதியான குடும்பம், படங்களோ உள்ளங்கை அளவு. உளி பிடிக்கும் நம் தச்சர்கள் செய்யாத எதைச் செய்துவிட்டார்?

ச., உவர்மலை

அன்புள்ள ச.,

வசதியான குடும்பம்தான், அதை மறைக்க ஒன்றுமில்லை. அப்பா ஜோர்ஜ் டார்வின் கடல் வற்றுப்பெருக்கை ஆராய்ந்த கேம்பிரிட்ஜ் பேராசிரியர். ஆனால் குவென் பிறந்தது 1885இல், தாத்தா இறந்து மூன்று வருடம் கழித்து. தாத்தாவின் மடியிலிருந்து படம் கீறிய பிள்ளை என்று நினைத்துவிட வேண்டாம். 1908இல் லண்டனில் ஸ்லேட் கலைக்கல்லூரிக்குப் போனார். மரத்தில் செதுக்க முதலில் சொல்லிக்கொடுத்தது சித்தப்பா மகனின் மனைவி எலினோர், நம் முறைக்கு மச்சாள்.

அதற்கு முந்தைய தலைமுறையில் இந்தத் தொழில் பெரும்பாலும் பிரதி எடுக்கும் வேலை. யாரோ வரைவார், பட்டறையில் கூலிக்கு இருப்பவர் அதை அப்படியே பத்திரிகைக்கு வெட்டிக்கொடுப்பார். புகைப்படத்திலிருந்து அச்சுக்கட்டை செய்யும் முறை வந்ததும் அந்தப் பிழைப்பு போனது. வரைந்தவரே வெட்ட வேண்டும், வெட்டும்போதுதான் படம் பிறக்கிறது என்று கிளம்பிய சிலரில் குவென் ஒருவர். 1920இல் அவர்கள் தொடங்கிய மரச்செதுக்காளர் சங்கத்தின் நிறுவன உறுப்பினர். முன்னோடி என்றது இதற்காகத்தான், தாத்தாவுக்காக அல்ல.

பிரெஞ்சு ஓவியரான கணவர் ஜாக் ராவரா நரம்பு நோயில் நெடுநாள் கிடந்து 1925இல் இறந்துபோனார். இரண்டு பெண் பிள்ளைகளோடு இங்கிலாந்து திரும்பி, நூல்களுக்குப் படம் செதுக்கினார், பத்திரிகைக்குக் கலை விமர்சனமும் எழுதினார்.

சரி, தச்சர் விஷயத்துக்கு வருவோம். நம்மவர் செதுக்குவது நெடுக்காக அறுத்த பலகையில். இது மரத்தைக் குறுக்கே அறுத்த முகத்தில். அங்கே நார் ஒரு பக்கமாக ஓடாது, மயிரிழைக் கோட்டைக்கூட எந்தத் திசையிலும் இழுக்கலாம். மை மேல்முகத்தில் மட்டும் ஒட்டும், வெட்டிய இடம் வெள்ளையாக நிற்கும். ஆகவே கறுப்பில் தொடங்கி வெளிச்சத்தை மட்டும் தோண்டிக்கொண்டே போக வேண்டும். குவெனின் ஆற்றங்கரைப் படங்களில் நீரில் மினுங்குவதெல்லாம் அவர் எடுத்தெறிந்த மரம்தான். அளவு சிறியது என்கிறீர்கள். அவர் வேலை செய்த பொக்ஸ்வுட் பருக்காத மரம், குறுக்கே அறுத்தால் கிடைப்பதே சின்ன வட்டம்தான்.

நானும் இங்கே திருகோணமலை மட்டிக்களியில் ஒரு மேசனிடம் கெஞ்சி, இல்லை, மேசன் அல்ல, தச்சர், அவரிடம் முதிரைத் துண்டு ஒன்றைக் குறுக்கே அறுப்பித்து வாங்கினேன். கூரான ஊசி உளியால் சுவாமி மலையையும் கீழே ஒரு தோணியையும் நான்கு பின்னேரம் குந்தியிருந்து செதுக்கினேன். இரண்டு முறை வழுக்கி இடது பெருவிரலில் ஏறியது. கடைசியில் மை பூசித் தாளை ஒற்றி எடுத்தால், இடப்பக்கம் நிற்கவேண்டிய மலை வலப்பக்கம் நிற்கிறது. இடம் வலம் மாற்றிக் கீற வேண்டும் என்பதை நானே இரண்டு தடவை எழுதியிருக்கிறேன்!