புனைவு எழுதுவோர் கேள்வி–பதில்: மாயப் படிகத்துக்கு ஓர் ஆற்றல் போதும்

கேள்வி: நான் எழுதிவரும் மாயப் புனைவில், ஒரு மலைநாட்டில் நூறாண்டுகளுக்கு ஒருமுறை மட்டும் கிடைக்கும் ‘நீரெரி’ என்னும் நீலப் படிகம் வருகிறது. அது நோய் தீர்க்கும், பகைவரை எரிக்கும், இறந்தோரை எழுப்பும். ஆனால் படித்துப் பார்த்த நண்பர்கள் பாதியிலேயே சலித்துவிட்டதாகச் சொல்கிறார்கள். குறை எங்கே இருக்கிறது?

பதில்: குறை உங்கள் நடையில் இல்லை, கல்லில் இருக்கிறது. நோய், பகை, சாவு என அனைத்துக்கும் ஒரே கல் விடை சொல்லிவிட்டால், அதைக் கைப்பற்றியவன் அதன்பின் எதற்கும் அஞ்சவோ யோசிக்கவோ வேண்டியதில்லை. வாசகருக்கும் அவனைப் பற்றிக் கவலைப்பட ஒன்றும் மிஞ்சுவதில்லை. மூன்று ஆற்றல்களில் இரண்டைத் தயங்காமல் வெட்டிவிடுங்கள். முதலில் போக வேண்டியது இறந்தோரை எழுப்பும் ஆற்றல். அது இருக்கும்வரை உங்கள் மலைநாட்டில் எந்தச் சாவுக்கும் யாரும் மனமுருகி அழப்போவதில்லை.

எஞ்சும் ஆற்றலுக்கு ஒரு நிபந்தனை வையுங்கள். வெயில் பட்டால் தீ உமிழும் சூரியகாந்தக் கல்லையும், நிலவொளி பட்டால் நீர் கசியும் சந்திரகாந்தக் கல்லையும் கற்பனை செய்த நம் முன்னோர், ஒரு கல்லுக்கு ஒரு செயல், அந்தச் செயலுக்கு ஒரு நிபந்தனை என்பதில் உறுதியாக இருந்திருக்கிறார்கள். சந்திரகாந்தத்தை நம்பிப் பாலையைக் கடக்கப் புறப்பட்ட கூட்டம், நடுவழியில் அமாவாசை நெருங்குவதை உணர்ந்தால், கதையை நீங்கள் தள்ளி நகர்த்த வேண்டியதில்லை.

மெய்யான படிகங்களுக்கும் இத்தகைய எல்லைகள் உண்டு. குவார்ட்ஸ் படிகத்தை அழுத்தினால் அதன் பரப்பில் மின்னூட்டம் தோன்றுவதை ழாக் கியூரி, பியேர் கியூரி சகோதரர்கள் 1880-ஆம் ஆண்டில் கண்டறிந்தனர். அதே படிகத்துக்கு மின்சாரம் கொடுத்தால் அது அதிர்கிறது. கைக்கடிகாரத்துக்குள் இருக்கும் மெல்லிய குவார்ட்ஸ் துண்டு விநாடிக்கு 32,768 முறை அதிர்ந்துதான் நேரம் காட்டுகிறது. ஆயினும் 573 டிகிரி செல்சியஸைத் தாண்டிச் சூடாக்கினால் அதனுள் அணுக்களின் அடுக்கு மாறிவிடுகிறது. ஆறியபின் பழைய அடுக்குக்குத் திரும்பினாலும், உள்ளே ஒரு பகுதி ஒரு திசையிலும் இன்னொரு பகுதி எதிர்த்திசையிலும் அமைந்துவிட்டால், முன்பிருந்த மின்விளைவு குன்றிப்போகும். வெளியிலிருந்து பார்ப்பவருக்கு அது அதே கல்தான். உங்கள் நீரெரியும் ஒருமுறை கொல்லன் உலைக்குள் விழுந்து, நிறமோ பளபளப்போ சற்றும் மாறாமல், உள்ளுக்குள் மட்டும் பழுதுபட்டிருந்தால் எப்படி இருக்கும்? போர்க்களத்தில் அதை உயர்த்திப் பிடிக்கும் அரசனுக்கு அந்தச் செய்தி தெரியாது. வாசகருக்கு மட்டும் தெரியட்டும்.

கேள்வி: படிகம் அரிதானது என்பதை வாசகர் நம்பும்படி எப்படிச் சொல்வது?

பதில்: ‘நூறாண்டுகளுக்கு ஒருமுறை’ என்பது எண்ணிக்கைதானே தவிரக் காரணமாகாது. மெக்சிகோ நாட்டின் நைக்கா சுரங்கத்தில், ஏறத்தாழ 300 மீட்டர் ஆழத்தில், 2000-ஆம் ஆண்டில் சுரங்கத் தொழிலாளர்கள் ஒரு குகையைக் கண்டனர். அதனுள் பத்து மீட்டரையும் தாண்டிய நீளத்தில் ஜிப்சம் படிகங்கள், தூண்களைச் சாய்த்துப் போட்டதுபோல் ஒன்றன்மேல் ஒன்று கிடந்தன. கனிமம் கரைந்த வெந்நீர், கிட்டத்தட்ட ஒரே வெப்பநிலையில், இலட்சக்கணக்கான ஆண்டுகள் அசையாமல் நின்றதால் அவை அவ்வளவு பெரிதாக வளர்ந்தன. 58 டிகிரியை எட்டும் வெப்பமும் மூச்சு முட்டும் ஈரப்பதமும் சேர்ந்து, தக்க பாதுகாப்பு உடையின்றி உள்ளே செல்பவரைச் சில நிமிடங்களிலேயே வெளியே துரத்திவிடும். சுரங்க நீரை இறைத்ததால்தான் அந்தக் குகையே கண்ணில் பட்டது. இறைப்பது நின்றபின் நீர் மீண்டும் நிறைந்துவிட்டது. இவ்வளவுக்கும் ஜிப்சம் என்பது விரல் நகத்தால் கீறினாலே கோடு விழும் மென்மையான கனிமம், அரிதானதும் அன்று. அதை அங்கே அரிதாக்கியது அது வளர்ந்த சூழல். நீரெரி எந்த நீரில், எவ்வளவு காலம், எதன் காவலில் வளர்ந்தது என்பதை முதலில் முடிவுசெய்யுங்கள்; அதன் அருமையை விளக்கத் தனி வசனம் தேவைப்படாது.

கேள்வி: இருளில் ஒளிரும் படிகம் என்று எழுதலாமா?

பதில்: எழுதலாம், ஆனால் எல்லோரும் அதையே எழுதுகிறார்கள். பகல் வெளிச்சத்தில் பச்சையாகவும் இழைவிளக்கின் மஞ்சள் ஒளியில் சிவப்பாகவும் தோன்றும் அலெக்சாண்ட்ரைட் கல்லை நினைத்துப் பாருங்கள்: பகலில் கல்லைப் பார்த்தவனும் இரவில் பார்த்தவனும் வழக்காடு மன்றத்தில் ஒருவரையொருவர் பொய்யர் என்று குற்றஞ்சாட்ட, இருவர் சொல்வதும் உண்மையாக இருக்கும் ஒரு காட்சி அதில் ஆயத்தமாகக் காத்திருக்கிறது. எழுத்தின்மேல் வைத்தால் ஒவ்வோர் எழுத்தையும் இரண்டாகக் காட்டும் தெளிந்த கால்சைட் படிகமும் இருக்கிறது. 1669-ஆம் ஆண்டில் டென்மார்க் அறிவியலாளர் ராஸ்முஸ் பார்தோலின் இதைப் பதிவுசெய்தார். மந்திர ஓலையைப் படிக்க அப்படியொரு கல்லைக் கொடுத்தால், இரு வரிகளில் எது மெய் என்ற குழப்பத்திலேயே ஓர் அத்தியாயம் நடக்கும்.

கேள்வி: மாயப் படிகத்தை எதனாலும் உடைக்க முடியாது என்று வைக்கலாம்தானே?

பதில்: வேண்டாம். கீறலுக்கு இடங்கொடாத வைரமே, சரியான திசையில் ஓர் அடி விழுந்தால் வழவழப்பான பரப்புடன் இரண்டாகப் பிளந்துவிடும். அந்தத் திசையை அறிந்த ஒரே ஒரு கிழவரை மலைநாட்டில் வையுங்கள், பகைவர் அவரைத் தேடட்டும்.