மாவு கொட்டினா யாருக்கு சிரிப்பு வரும்? (வாசகர் கடிதமும் பதிலும்)

அன்புள்ள அக்காவுக்கு,

வணக்கம்ங்க. கோபிச்செட்டிபாளையம் பக்கத்துல இருந்து எழுதறேன், பேரு போட வேண்டாம்ங்க. பையன் ரெண்டாங்கிளாஸ், பொண்ணுக்கு மூணரை வயசு. பசங்க சேட்டை பத்தி நீங்க எழுதறத எல்லாம் படிச்சு சிரிப்பேன், ஆனா அதே எங்க வீட்ல நடந்தா எனக்கு கத்தத்தான் வருது. போன வாரம் மாடியில துணி காயப்போட்டுட்டு வர்றதுக்குள்ள சின்னவ கோதுமை மாவு டப்பாவ கவுத்து, நடுவுல உக்காந்து, மூஞ்சி கை கால் எல்லாம் பூசிட்டு "பவுடர் போட்டாச்சு, கல்யாணத்துக்கு போலாம்"ங்கறா. காலையிலதான் மில்லுல அரைச்சுட்டு வந்த மாவுங்க. முதுகுல ஒண்ணு வெச்சுட்டேன். ராத்திரி வீட்டுக்காரர்கிட்ட சொன்னா அவரு விழுந்து விழுந்து சிரிக்கறாரு, "போட்டோ எடுக்கலையா"ங்கறாரு. அன்னிக்கு எனக்கு தூக்கமே வரல. எனக்கு மட்டும் ஏன் சிரிப்பு வர மாட்டேங்குது, நான்தான் சரியில்லையா?

இன்னொண்ணுங்க, பையன் இப்ப ஜோக் சொல்ல ஆரம்பிச்சிருக்கான், எல்லாமே ஆய் ஜோக்கு, குசு ஜோக்குதான். மாமியார் முன்னாடியும் சொல்றான். இதுக்கும் ஒரு வழி சொல்லுங்க.

*

அன்புத் தங்கச்சிக்கு,

முதல்ல ஒண்ணு கேக்கறேன். அந்த மாவ யாரு கூட்டினது? நீங்க எழுதல, ஆனா எழுதித்தான் தெரியணும்னு இல்ல. டப்பா கவுந்ததப் பாத்த கண்ணு உங்களுது, துடைப்பம் எடுத்த கை உங்களுது, புள்ளைய குளிப்பாட்டினதும் நீங்க, சாயங்காலம் சப்பாத்திக்கு மாவில்லாம உப்புமா கிண்டினதும் அனேகமா நீங்கதான். உங்க வீட்டுக்காரருக்கு வந்து சேந்தது கதை மட்டும். கதையில மாவு பறக்காது, கதைய கூட்ட வேண்டாம். அவரு சிரிக்காம வேற என்ன பண்ணுவாரு?

நீங்க சரியில்லாம போனதால சிரிப்பு வராம இல்ல. துடைப்பம் யார் கையில இருக்கோ அவங்களுக்கு சிரிப்பு கடைசியாத்தான் வரும், அவ்ளோதான் விஷயம்.

இது இன்னிக்கு நேத்து சமாச்சாரம் இல்ல. புறநானூறுல 188ஆவது பாட்டு இருக்கே, பாண்டியன் அறிவுடைநம்பி பாடினது, ஸ்கூல்ல படிச்சிருப்பீங்க. குறுகுறுன்னு நடந்து வந்து சின்னக் கைய நீட்டி, சோத்த கீழ போட்டு, தொட்டு, கவ்வி, துழாவி, நெய்ச்சோற உடம்பெல்லாம் அப்பிக்கற குழந்தை இல்லாதவங்களுக்கு வாழ்ற நாளெல்லாம் வீணுன்னு சொல்றாரு. எனக்கு ரொம்பப் பிடிச்ச பாட்டு. ஆனா ரெண்டு புள்ள பெத்ததுக்கப்புறம் படிச்சப்ப எனக்கு ஒரே யோசனைதான் வந்துச்சு, ராஜா, அந்த நெய்ய யாருப்பா கழுவினா? நெய்ப் பிசுக்கு லேசுல போகாதே. அரண்மனையில அதுக்கு ஒரு அம்மா கண்டிப்பா இருந்திருப்பாங்க, அவங்க பாட்டு பாடல, பாடினாலும் நமக்கு வந்து சேரல.

இதுக்கு நேர் எதிர்ல பெரியாழ்வார். கண்ணன வளக்கற யசோதையா மாறிப் பேசறாரு: தொட்டில்ல போட்டா தொட்டில் கிழியற மாதிரி உதைக்கறான், தூக்கினா இடுப்ப ஒடிக்கறான், இறுக்கி அணைச்சா வயித்துல பாயறான், எனக்கு தெம்பில்ல, மெலிஞ்சு போயிட்டேன்மா. பொறந்தது சாட்சாத் பகவான், அந்தம்மா சொல்றது இடுப்பு வலிய! அதையும் தனியா உக்காந்து புலம்பல பாருங்க, இன்னொரு பொம்பளைகிட்ட சொல்றா. பெரியாழ்வார் ஆம்பளையா இருந்தும் இத எழுத முடிஞ்சதுன்னா அவரு ஆண்டாள வளத்தவர் ஆச்சே. பெருமாளுக்குன்னு கட்டி வெச்ச மாலைய பொண்ணு எடுத்து தன் கழுத்துல போட்டு அழகு பாத்தப்ப அவரும் மொதல்ல கோவிச்சுக்கிட்டாருன்னுதான் கதை சொல்லுது. இன்னிக்கு என்னன்னா ஸ்ரீவில்லிபுத்தூர்ல இருந்து அந்தப் பொண்ணு சூடின மாலை திருப்பதி பிரம்மோற்சவத்துக்கு மரியாதையா போகுது. அன்னிக்கு திட்டு வாங்கின வேலைதான் அது.

உங்க மாவு பிரம்மோற்சவத்துக்கு போகும்னு நான் சொல்லல. பயப்படாதீங்க.

எங்க வீட்டு கதை ஒண்ணு. பெரியவனுக்கு அப்ப நாலு வயசிருக்கும், தோசை வெச்சா நிமிஷத்துல தட்டு காலி, நானும் என் கைப்பக்குவம்னு பெருமையா திரிஞ்சேன். ஆயுத பூஜைக்கு வீடு ஒட்டடை அடிக்கறப்ப சோபாவ நகத்தினா அடியில தோசை. ஒண்ணு ரெண்டு இல்ல, துண்டு துண்டா, சிலது காஞ்சு அப்பளம் மாதிரி விறைச்சு, சிலதுல பச்சையா பூஞ்சை, ஒரு ஓரத்துல எறும்பு வரிசை கட்டி போகுது, சட்னி மட்டும் தரையோட ஒட்டிக்கிட்டு சுரண்டினாலும் வரல. கூப்பிட்டு கேட்டா மொகத்துல துளி பயம் இல்ல, "எறும்புக்கு வெச்சேம்மா, நீதான கோலம் போடறப்ப சொன்ன, எறும்பு பாவம், அதுக்கும் பசிக்கும்னு". நான் தினமும் வாசல்ல அரிசி மாவுல கோலம் போட்டுட்டு அளந்த தர்மம்தான், அது சோபாவுக்கு அடியில வந்து நின்னுச்சு. அப்ப சிரிப்பு வந்துச்சான்னா வரவே இல்ல, காச்சு மூச்சுன்னு கத்தினேன். மத்தியானம் என் தங்கச்சிக்கு போன் போட்டு ஆத்தாமையில கொட்டறேன், எறும்பு வர்ற இடம் வரைக்கும்கூட நான் போகல, அவ அந்தப்பக்கம் சிரிக்க ஆரம்பிச்சுட்டா, "எங்க வீட்ல வாஷிங் மெஷினுக்கு பின்னாடிடி, இட்லி"ங்கறா. அப்பதான் எனக்கு ஒடஞ்சுது. ரெண்டு பேரும் சிரிச்ச சிரிப்புல பக்கத்து வீட்டம்மா என்னன்னு எட்டிப் பாத்தாங்க.

என் தங்கச்சி சிரிச்சதும் உங்க வீட்டுக்காரர் சிரிச்சதும் ஒண்ணு கிடையாது, அதைத்தான் சொல்ல வரேன். அவ கையில அதே துடைப்பம் இருக்கு. சட்னி காஞ்சா எப்படி சுரண்டணும்னு தெரிஞ்சவ சிரிச்சா நமக்கும் கூட சேந்து வரும், தெரியாதவங்க சிரிச்சா எரிச்சல்தான் வரும். அதனால சிரிப்பு வரலையேன்னு உங்களையே நோண்டாம, சொல்றதுக்கு சரியான ஆளப் பிடிங்க. அக்கா, தங்கச்சி, ஸ்கூல் வாசல்ல கூட நிக்கற அம்மா, யாரா இருந்தாலும் சரி. மாமியாரே கூட ஆகலாம், "உங்க மகன் சின்ன வயசுல என்னத்த கவுத்தாரு"ன்னு ஒரு தடவை கேட்டுப் பாருங்க, பெரிய லிஸ்டே வரும்.

ஆம்பளைங்களுக்கு இது புரியாதுன்னும் இல்ல. எங்க பொண்ணு எல்கேஜி படிக்கறப்ப ஒரு நாள் ராத்திரி ஒன்பதரைக்கு ஸ்கூல் வாட்ஸ்அப் குரூப்ல மெசேஜ், நாளைக்கு ஃபேன்சி டிரஸ், காய்கறி, உங்க குழந்தை புடலங்காய். எனக்கு அன்னிக்கு காய்ச்சல், முழு வேலையும் எங்க வீட்டுக்காரர் தலையில. பாதி ஷட்டர் இறக்கின கடையில கெஞ்சி பச்சை சார்ட் பேப்பர் வாங்கிட்டு வந்து, ஹால்ல உக்காந்து சுருட்டறாரு, அது பிரியுது, ஃபெவிக்கால் கையெல்லாம் ஒட்டுது, இவ "புடலங்காய்க்கு கை எங்கப்பா வெளிய வரும்"னு கேட்டுட்டே இருக்கா. நான் போர்வைக்குள்ள படுத்துட்டு சிரிச்சு சிரிச்சு இருமறேன். அவரு திரும்பி ஒரு பார்வை பாத்தாரு, அதே பார்வையதான் நீங்க அன்னிக்கு உங்க வீட்டுக்காரர பாத்திருப்பீங்க. மறுநாள் ஸ்டேஜ்ல மைக்க பிடிச்சு "நான் புடலங்காய், என்னைய எனக்கு பிடிக்காது"ன்னு சொல்லிட்டு இறங்கி வந்துட்டா. இப்ப அந்தக் கதைய வீட்டுக்கு வர்றவங்ககிட்ட எல்லாம் சொல்றது அவருதான், என்னைய சொல்ல விடறதே இல்ல.

ஆக அடுத்த தடவை எதாவது கொட்டிச்சுன்னா, ஞாயித்துக்கிழமையா பாத்து கொட்டினா இன்னும் நல்லது, துடைப்பத்த உங்க வீட்டுக்காரர்கிட்ட குடுத்துட்டு நீங்க மாடிக்கு போயிடுங்க. மாவுல மொதல்லயே ஈரத்துணி போட வேண்டாம்னு மட்டும் சொல்லிடுங்க, களியாயிடும், வழுக்கும் வேற.

போட்டோ விஷயத்துல எனக்கு கொஞ்சம் பிடிவாதம் உண்டு. எடுத்து வெச்சுக்கோங்க, தப்பில்ல, ஆனா அழுதுட்டு நிக்கற புள்ளைய வீடியோ எடுத்து ஸ்டேட்டஸ் வெக்கறாங்களே, அது எனக்கு ஆகாது. பத்து வயசு பையன கல்யாண வீட்ல எல்லாரு முன்னாடியும் நிக்க வெச்சு "இவன் ஒண்ணாவது படிக்கறப்ப டவுசர்லயே போயிட்டான்"னு சிரிக்கறவங்களையும் பாத்திருக்கேன், அந்தப் பையன் சாப்பிடாமயே எழுந்து போயிட்டான். அவனே சொல்லி சிரிக்கறப்ப நாமளும் சிரிக்கலாம், அது வரைக்கும் வாய மூடிக்கலாம்.

முதுகுல வெச்சத பத்தி நீங்களே தூங்காம யோசிச்சிருக்கீங்க, நான் வேற தனியா சொல்ல வேண்டியதில்ல. "அம்மா அடிச்சிருக்கக் கூடாது, மாவு போச்சேன்னு கோவம்"னு அவகிட்ட நேரா சொல்லிடுங்க. மூணரை வயசுக்கு நல்லாவே புரியும். புரிஞ்சுட்டு "அப்ப கல்யாணத்துக்கு எப்ப போலாம்"னு கேப்பா, அதுக்கும் பதில் தயாரா வெச்சுக்கோங்க.

இனி பையனோட ஆய் ஜோக். ரெண்டாங்கிளாஸ்ல இதுதான் பொதுவா ஓடற சரக்கு, உங்க புள்ள மட்டும் தனியா கெட்டுப் போகல. சொல்லக்கூடாதத சொன்னா பெரியவங்க மூஞ்சி எப்படி மாறுதுன்னு பாக்கறான், அந்த மூஞ்சிதான் அவனுக்கு ஜோக்கே. நீங்க பதறப் பதற அவனுக்கு கொண்டாட்டம். மொதல் தடவை சிரிப்பு வந்தா சிரிச்சுடுங்க, அடக்கினா இன்னும் பெருசா வரும், பத்தாவது தடவை "கேட்டாச்சு, வேற புதுசா சொல்லு"ன்னுட்டு வெங்காயம் நறுக்கப் போங்க. ஆய் ஜோக் எல்லாம் பாத்ரூம்ல மட்டும்தான்னு ஒரு ரூல் போடலாம், நாங்க போட்டோம், அப்புறம் பாத்ரூம விட்டு வெளியவே வரல அது வேற கதை. வளர வளர குறையும்னு சொல்றாங்க. எங்க பெரியவன் இப்ப காலேஜ், இன்னும் வெயிட் பண்ணிட்டுதான் இருக்கோம்.

அன்புடன்,
அக்கா