மூன்றால் வகுப்பதா, நான்கால் வகுப்பதா?

கேள்வி: தரம் 7இல் படிக்கும் என் மகனுக்குப் பாடசாலையில் ஒரு கணக்குக் கொடுத்திருந்தார்கள். ரொட்டிக்காகக் கோதுமை மாவும் தேங்காய்ப்பூவும் நிறைப்படி 3:1 என்ற விகிதத்தில் கலக்கப்படுகின்றன. கலவை 1 கிலோகிராம் எனின் மா எவ்வளவு? மகன் 1000ஐ 3ஆல் வகுத்து, பூ 333 கிராம், மா 667 கிராம் என்று எழுதினான். நான் எப்போதும் இரண்டு கோப்பை மாவுக்கு ஒரு கோப்பை பூ போடுவதால் எனக்கும் அது சரியாகவே பட்டது. ஆசிரியரோ பிழை போட்டுவிட்டார். தோட்டத்துக் கோயில் திருவிழாவுக்கு 6 கிலோ மாவில் ரொட்டி சுடும் பொறுப்பும் என்னிடம் வந்திருக்கிறது. எந்தக் கணக்கை நம்புவது?
- ஒரு தாய், தலவாக்கலை

பதில்: அன்புள்ள சகோதரிக்கு, ஆசிரியர் போட்டது சரிதான், ஆனால் உங்கள் ரொட்டியிலும் பிழையில்லை.

3:1 என்றால் மா மூன்று பங்கு, பூ ஒரு பங்கு. ஆகவே கலவை முழுவதும் நான்கு பங்கு. கணக்கில் தரப்பட்டிருப்பது முழுக் கலவையின் நிறை என்பதால் 1000ஐ 4ஆல் வகுக்க வேண்டும். ஒரு பங்கு 250 கிராம். எனவே பூ 250 கிராம், மா 750 கிராம். மகன் எழுதிய 667ஐ 333ஆல் வகுத்துப் பார்க்கச் சொல்லுங்கள். ஏறத்தாழ 2 வரும். கேட்ட விகிதம் 3:1, அவனுக்குக் கிடைத்தது 2:1. விடையை இப்படித் திருப்பி வகுத்துப் பார்க்கும் பழக்கம் இருந்திருந்தால், கொப்பியை ஆசிரியரிடம் கொடுக்கும் முன்பே அவன் பிழையைக் கண்டிருப்பான்.

அந்த 2:1 உங்கள் வீட்டு அளவோடு ஒத்துப்போனது தற்செயல். இருவரையும் ஏமாற்றியதும் அதுவே. நீங்கள் அளப்பது கோப்பையால், கணக்குக் கேட்பது நிறையால். ஒரு கோப்பை கோதுமை மா ஏறத்தாழ 125 கிராம் இருக்கும். அதே கோப்பையில் அழுத்தாமல் நிரப்பிய தேங்காய்ப்பூ ஏறத்தாழ 80 கிராம்தான் நிற்கும். உங்கள் இரண்டு கோப்பை மா 250 கிராம், ஒரு கோப்பை பூ 80 கிராம் என்று வைத்தால், நிறைப்படி அது 3:1ஐ ஒட்டியே வருகிறது! கோப்பைக் கணக்கில் 2:1ஆக இருப்பது தராசில் 3:1ஆகிறது. பூவை அழுத்தி நிரப்பினால் இது மாறும் என்பதையும் மகனுக்குச் சொல்லுங்கள். வீட்டில் தராசு இருந்தால் அவனையே நிறுத்துப் பார்க்க விடுங்கள், பாடப்புத்தகத்தில் இந்த விளக்கம் அவ்வளவு எளிதில் கிடைக்காது.

இனித் திருவிழாக் கணக்கு. இங்கே 6 கிலோ என்பது கலவையன்று, மா மட்டும். அதாவது மூன்று பங்கு. ஆகையால் இப்போது 3ஆல் வகுப்பதுதான் முறை: பூ 2 கிலோ, கலவை 8 கிலோ. மகனுக்குப் பிழைத்துப்போன அதே வகுத்தல் இங்கே சரியாகிறது. தரப்பட்ட எண் முழுமைக்குரியதா, ஒரு பகுதிக்குரியதா என்று கேட்காமல் வகுக்கத் தொடங்குவதே பிள்ளைகள் பலரும் இடறும் இடம். எத்தனை தேங்காய் வாங்குவது என்பது காயின் பருமனைப் பொறுத்தது; ஒன்றைத் துருவி நிறுத்து, 2 கிலோவை அந்த நிறையால் வகுத்துக்கொள்ளுங்கள்.

அவசரத்தில் பூ கூடிப்போய் 2 கிலோ 300 கிராம் விழுந்துவிட்டால், கலவையிலிருந்து கொஞ்சம் அள்ளி வெளியே எடுப்பது பயன் தராது. அள்ளியதிலும் மீந்ததிலும் விகிதம் ஒன்றாகவே இருக்கும். 2300ஐ 3ஆல் பெருக்கினால் 6900. இருப்பது 6000 கிராம் மா என்பதால் இன்னும் 900 கிராம் மா சேர்த்தால் போதும். தண்ணீரும் உப்பும் இந்த விகிதத்தில் சேராதவை. ஆகவே மாவும் பூவும் சரியான பிறகே தண்ணீரை ஊற்றிப் பிசையுங்கள்.