35 நாளில் ஒரு நாவல்

அன்புள்ள ஐயா,

குடியாத்தத்தில் ஒரு நாளிதழின் பகுதிநேர நிருபராகப் பன்னிரண்டு ஆண்டுகளாக இருக்கிறேன். 1806 வேலூர்ப் புரட்சியை வைத்து நாவல் எழுத எண்ணம். நண்பர்களோ, முடிவு பள்ளிப் பிள்ளைகளுக்கும் தெரியுமே, யார் படிப்பார்கள் என்கிறார்கள். பிரெடரிக் ஃபோர்சைத் ‘தி டே ஆஃப் தி ஜாக்கல்’ நாவலை 35 நாளில் எழுதினார் என்று படித்தேன். இரண்டு மாதம் விடுப்பு எடுத்தால் எனக்கும் முடியுமா? நிருபர் வேலை நாவலுக்கு உதவுமா, கெடுக்குமா?

வாசகர், குடியாத்தம்

அன்புள்ள நண்பருக்கு,

35 நாள் என்பது உண்மைதான். நைஜீரியாவில் நடந்த பயாஃப்ரா போரைப் பற்றி எழுதிவிட்டுத் திரும்பியவர், வேலையும் பணமும் இல்லாத நிலையில், 1970 ஜனவரியில் அதைத் தட்டச்சு செய்தார். ஆனால் அந்தக் கணக்கில் 1962 சேரவில்லை. அந்த ஆண்டு ராய்ட்டர்ஸ் செய்தி நிறுவனம் அவரை நிருபராகப் பாரிசுக்கு அனுப்பியிருந்தது. அல்ஜீரியாவை விட்டுக்கொடுத்ததற்காக பிரெஞ்சு அதிபர் து கோலைக் கொல்ல ஓஏஎஸ் என்ற ரகசியப் படை முயன்றுகொண்டிருந்த காலம் அது. ஆகஸ்ட் 22 அன்று அதிபரின் காரைக் குண்டுகள் துளைத்தும் அவர் உயிர் தப்பினார். அதே அதிபரைக் கொல்ல ஓஏஎஸ் அமர்த்தும் ஜாக்கல் என்ற கூலிக் கொலையாளியின் கதைதான் நாவல். எட்டு ஆண்டு ஊறியதைத்தான் ஃபோர்சைத் 35 நாளில் அரைத்து முடித்தார்.

உங்கள் நண்பர்கள் சொல்வதையே பதிப்பாளர்களும் அவரிடம் சொன்னார்கள். து கோல் அப்போது உயிரோடு இருந்தார், யாரும் அவரைக் கொல்லவில்லை என்பது ஊரறிந்த செய்தி. பிறகு கதையில் என்ன இருக்கிறது என்று கேட்டுப் பலர் கைப்பிரதியைத் திருப்பினார்கள். 1971இல் அது வெளிவந்தபோது, முடிவு தெரிந்த வாசகர்களே அதைக் கீழே வைக்க முடியாமல் படித்தார்கள். இறந்துபோன ஒரு குழந்தையின் பெயரைக் கல்லறையில் தேடி எடுத்து, அதன் பிறப்புச் சான்றிதழைக் கொண்டு ஜாக்கல் கடவுச்சீட்டு வாங்குவதை, தாலுகா அலுவலகத்தில் வாரிசுச் சான்றிதழ் வாங்கும் நடைமுறையைச் சொல்வதுபோல் அவர் படிப்படியாகச் சொல்கிறார். எந்த வாசல், எத்தனை மணி, கையெழுத்துப் போட்டது யார் என்று கேட்டுக் கேட்டுப் பழகியவரின் புத்தி அது. உங்களுக்கும் அது இருக்கும்.

கெடுக்குமா என்றால், கெடுக்கும். ஃபோர்சைத்தின் மனிதர்கள் பெரும்பாலும் தகவலைச் சுமந்து வருபவர்கள். ஜாக்கலுக்குச் சொந்தப் பெயர்கூட இல்லை. அந்த நாவலில் மட்டும் அந்தக் குறையே பலமானது, பின்னால் வந்தவற்றில் எனக்கு அலுப்புத் தட்டியது. நான் வேலூரில் செய்தி எழுதிக்கொண்டிருந்த காலத்தில் அனுப்பிய முதல் சிறுகதையை, ‘செய்தி நன்றாக இருக்கிறது’ என்று எழுதி ஓர் ஆசிரியர் திருப்பி அனுப்பினார். இன்றுவரை அதற்கு என்னிடம் மறுமொழி இல்லை.

ஜூலை 10 விடியுமுன் சிப்பாய்கள் எழுந்ததும், பகலுக்குள் ஆற்காட்டிலிருந்து வந்த ஆங்கிலேய அதிகாரி கில்லெஸ்பி வேலூர்க் கோட்டையை மீட்டதும், புதிய தலைப்பாகையும் நெற்றிக்குறித் தடையும் அவர்களைக் கொதிக்க வைத்ததும் எல்லாருக்கும் தெரிந்தவை. ஆனால் சுமார் 25 கிலோமீட்டர் தள்ளியிருந்த ஆற்காட்டுக்குச் செய்தி கொண்டுபோனவன் எந்த வழியாகப் போனான்? அங்கிருந்து கிளம்பிய குதிரைப்படை பாலாற்றைக் கடக்க வேண்டியிருந்ததா, ஆனிக் கடைசியில் ஆற்றில் எவ்வளவு தண்ணீர்? கில்லெஸ்பி கயிற்றைப் பிடித்து மதிலேறிய இடம் மட்டும் ஏன் சிப்பாய்கள் கையில் இல்லை? உள்ளே நின்ற ஒரு சிப்பாய்க்கு, இனி முடியாது என்று எந்தக் கணத்தில் தெரிந்தது? கடைசிக் கேள்விக்கு எந்த ஆவணமும் பதில் தராது. அதை நீங்கள்தான் எழுத வேண்டும்.

விடுப்பை இப்போதே செலவழித்துவிடாதீர்கள். ஞாயிற்றுக்கிழமைகளில் ஆற்காட்டுச் சாலையில் போய்வாருங்கள், எழும்பூர் ஆவணக் காப்பகத்துக்கு ஒரு நடை போங்கள். முதல் மூன்று கேள்விகளுக்கும் பதில் கையில் வந்த பிறகு அந்த இரண்டு மாதத்தை எடுத்துக்கொள்ளுங்கள்.