பேய் மிளகாய் விங்ஸ் சாப்பிட்டால் அல்சர் வருமா?

கேள்வி: எனக்கு வயது 36. கோவையில் ஐ.டி. வேலை. சனிக்கிழமை இரவு நண்பர்கள் வந்தால் வீட்டிலேயே சிக்கன் விங்ஸ் செய்வேன். யார் அதிகக் காரம் தாங்குவது என்று எங்களுக்குள் ஒரு போட்டி. போன வாரம் ஆன்லைனில் வாங்கிய பூத் ஜோலாக்கியா (பேய் மிளகாய்) பொடியை மூன்று டீஸ்பூன் போட்டு சாஸ் செய்தேன். சூடான வெண்ணெயில் பொடி விழுந்ததும் வீடு முழுக்க நெடி. மனைவியும் மகளும் இருமிக்கொண்டே மொட்டைமாடிக்கு ஓடிவிட்டார்கள். என் விரல்கள் விடிய விடிய எரிந்தன. மறுநாள் காலை கழிவறையில் பட்ட பாட்டைச் சொல்ல வேண்டியதில்லை. "இப்படியே போனால் குடல் வெந்து அல்சர் வந்துவிடும்" என்கிறார் மனைவி. ஏற்கெனவே எனக்கு நெஞ்செரிச்சல் உண்டு. அவ்வப்போது அமிலத்தைக் குறைக்கும் பான்டோபிரசோல் மாத்திரை போடுவேன். விங்ஸை விட்டுவிட வேண்டுமா டாக்டர்?

பதில்: விட வேண்டாம். ஆனால் அந்த மூன்று டீஸ்பூன் கணக்கைப் படித்ததும் எனக்கே கண் கலங்கியது.

முதலில் உங்கள் மனைவியின் பயத்துக்கு வருகிறேன். மிளகாய் சாப்பிட்டால் வயிற்றில் புண் வரும் என்பது நம் வீடுகளில் தலைமுறை தலைமுறையாக வரும் நம்பிக்கை. மருத்துவர்களும் ஒரு காலத்தில் அதையேதான் சொல்லிக்கொண்டிருந்தோம். ஆஸ்திரேலியாவில் பேரி மார்ஷல், ராபின் வாரன் என்ற இரண்டு மருத்துவர்கள்தான் அதை மாற்றினார்கள். ஹெலிகோபாக்டர் பைலோரி என்ற கிருமிதான் பெரும்பாலான அல்சருக்குக் காரணம் என்றார்கள்; யாரும் நம்பவில்லை. 1984-ல் மார்ஷல் அந்தக் கிருமியைத் தானே குடித்து, இரைப்பை அழற்சியை வரவழைத்துக்கொண்டு காட்டினார். 2005-ல் இருவருக்கும் நோபல் பரிசு கிடைத்தது. அல்சருக்கு இன்னொரு பெரிய காரணம் வலி மாத்திரைகள். 1988-ல் அமெரிக்காவில் வெளியான ஓர் ஆய்வில் 12 பேருக்கு வெவ்வேறு நாளில் வெவ்வேறு சாப்பாடு கொடுத்து, பிறகு எண்டோஸ்கோப்பி செய்து பார்த்தார்கள். காரமான மெக்சிகன் சாப்பாட்டுக்குப் பிறகு இரைப்பையில் சொல்லிக்கொள்ளும்படி புண் இல்லை. சாதுவான சாப்பாட்டோடு ஆஸ்பிரின் விழுங்கிய நாளில்தான் கிட்டத்தட்ட எல்லோருக்கும் புண். ஆகவே முதுகுவலிக்கு என்று டைக்ளோஃபெனாக் வாங்கிப் போடும் பழக்கம் வீட்டில் யாருக்காவது இருந்தால், உங்கள் மனைவியின் கண்டிப்பை அந்தப் பக்கம் திருப்பிவிடுங்கள். ஏற்கெனவே புண் இருப்பவருக்குக் காரம் பட்டால் வலி கூடும் என்பது உண்மை. புண்ணை உண்டாக்கியது காரம் இல்லை.

வெந்துபோவது என்ற பேச்சும் அப்படித்தான். மிளகாயில் இருக்கும் கேப்சைசின் எதையும் வேக வைப்பதில்லை. நம் நரம்பு நுனிகளில் சூட்டை உணர்வதற்கென்றே ஒரு புரதம் இருக்கிறது. சுமார் 43 டிகிரிக்கு மேல் சூடு பட்டால் அது மூளைக்குச் செய்தி அனுப்பும். கேப்சைசின் போய் அதே புரதத்தின் மேல் உட்கார்ந்துகொள்கிறது. தீ இல்லாமலே "தீ, தீ" என்று நரம்பு கத்துகிறது. வியர்வை, மூக்கு ஒழுகல், முகம் சிவத்தல் எல்லாம் இல்லாத தீயை அணைக்க உடம்பு எடுக்கும் முயற்சி. 1997-ல் இந்தப் புரதத்தைக் கண்டுபிடித்த டேவிட் ஜூலியஸுக்கு 2021-ல் நோபல் பரிசில் பங்கு கிடைத்தது. மிளகாய்க்கு இரண்டு நோபல் தொடர்பு. இட்லிக்கு ஒன்றுகூட இல்லை.

இந்தப் புரதம் நாக்கில் மட்டும் இல்லை. கண், மூக்கு, தொண்டை, மூச்சுக்குழாய், தோல், ஆசனவாய் என்று எல்லா இடத்திலும் இருக்கிறது. உங்கள் மனைவி வயிற்றைப் பற்றிக் கவலைப்படுகிறார். எனக்குக் கவலை, மிளகாய் வயிற்றுக்குப் போவதற்கு முன்னும் பின்னும் தொடும் இடங்களைப் பற்றித்தான். உங்கள் கடிதத்தில் அடிபட்டவையும் அவைதான்: மூச்சு, விரல், மறுநாள் காலை.

அளவைக் கொஞ்சம் பார்ப்போம். மிளகாயின் காரத்தை 1912-ல் வில்பர் ஸ்கோவில் என்ற மருந்தாளர் வகுத்த அளவுகோலில் சொல்வார்கள். காஷ்மீரி மிளகாய் ஒன்றிரண்டு ஆயிரம். நாம் அரைத்து வைக்கும் குண்டூர் வகை 40,000-க்கு அக்கம்பக்கம். வடகிழக்கு மாநிலங்களில் விளையும் பூத் ஜோலாக்கியா 10 லட்சம் தாண்டும். 2007-ல் உலகின் காரமான மிளகாய் என்று கின்னஸில் ஏறியது அதுதான். ஆக ஒரு டீஸ்பூன் பூத் ஜோலாக்கியா என்றால், கணக்குப்படி சுமார் 25 டீஸ்பூன் குண்டூர் பொடி. நீங்கள் போட்டது 75. அசாமிலும் நாகாலாந்திலும் இந்த மிளகாயில் ஒரு சின்னத் துண்டை ஒரு பானைக் குழம்புக்குப் போடுவார்கள். அவர்களுக்குத் தெரியும்.

இனி நெடி. சூடான கொழுப்பில் பொடி விழும்போது கேப்சைசின் ஆவியோடும் தூசியோடும் காற்றில் ஏறுகிறது. உங்களுக்கு வெறும் இருமலோடு போனது. ஆஸ்துமா இருப்பவருக்கு அதே நெடி மூச்சுக்குழாயை இறுக்கிவிடும். அதனால் வெண்ணெயை உருக்கி, அடுப்பை அணைத்து, சூடு கொஞ்சம் தணிந்த பிறகு பொடியைக் கலக்குங்கள். கேப்சைசின் கொழுப்பில் கரைவது, ஆகவே அப்படிக் கலந்தாலும் காரம் குறையாது. எக்ஸாஸ்ட் விசிறி ஓடட்டும், ஜன்னல் திறந்திருக்கட்டும். காய்ந்த மிளகாயை மிக்ஸியில் அரைத்தால், நின்ற உடனே மூடியைத் திறந்து எட்டிப் பார்க்காதீர்கள்; பத்து நிமிடம் படியட்டும். வீட்டில் யாருக்காவது வீசிங் உண்டு என்றால் சமைக்கும் நேரத்தில் அவர்கள் வெளியே போய் வரட்டும், இன்ஹேலர் கையோடு இருக்கட்டும்.

விரல் எரிச்சலில் எல்லோரும் செய்யும் தவறு, குழாயைத் திறந்து தண்ணீரில் தேய்ப்பது. தண்ணீரில் கேப்சைசின் கரையாது. வெந்நீராக இருந்தால் எரிச்சல் இன்னும் ஏறும். கை காய்ந்திருக்கும்போதே சமையல் எண்ணெய் ஒரு ஸ்பூன் ஊற்றி, நகக்கண் வரைக்கும் தேய்த்து, டிஷ்யூவில் துடைத்து எறியுங்கள். அப்புறம் பாத்திரம் கழுவும் சோப்பு, குளிர்ந்த தண்ணீர். இதை இரண்டு மூன்று முறை செய்ய வேண்டும். கையுறை போட்டுக்கொண்டு வேலை செய்தால் இதெல்லாம் எதற்கு? மருந்துக்கடையில் நைட்ரைல் கையுறை என்று கேளுங்கள்.

நான் பயிற்சி மருத்துவராக இருந்த காலத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஹாஸ்டலில் ஊசி மிளகாய் நறுக்கினேன். இரண்டு முறை கை கழுவினேன், சாப்பிட்டேன், தூங்கினேன். சாயங்காலம் டியூட்டிக்குக் கிளம்பும்போது கான்டாக்ட் லென்ஸ் மாட்டினேன். மாட்டியதுதான் தெரியும், அதற்குப் பிறகு அரை மணி நேரம் குழாயடியில் கண்ணைக் காட்டிக்கொண்டு நின்றேன். அன்று முதல் கண்ணாடிதான். உங்களுக்கு அப்படி ஆனால் கண்ணைத் தேய்க்காமல், லென்ஸ் இருந்தால் கையைச் சுத்தம் செய்துவிட்டு அதை எடுத்துவிட்டு, சாதாரணத் தண்ணீரில் 15 நிமிடம் விடாமல் கழுவுங்கள். பால் ஊற்றலாமா என்று கேட்பார்கள், கண்ணில் வேண்டாம். அதன் பிறகும் வலியோ மங்கலோ இருந்தால் கண் மருத்துவரைப் பாருங்கள்.

வாய் எரிந்தால் பால், தயிர், மோர். பாலில் உள்ள கேசின் புரதம் கேப்சைசினைப் பிடித்துக்கொண்டு போய்விடும். தண்ணீர் அதை வாய் முழுக்கப் பரப்பும். பீரும் உதவாது, கேப்சைசினைக் கரைக்க அதில் இருக்கும் ஆல்கஹால் போதாது. விங்ஸ் பிறந்த கதையிலேயே இதற்கு மருந்து இருக்கிறது. 1964-ல் நியூயார்க் மாநிலத்தில் பஃபலோ என்ற ஊரில், ஆங்கர் பாரில் டெரெஸா பெலிசிமோ செய்தது என்று சொல்லப்படும் அந்தப் பண்டத்தில் கயேன் மிளகாய் சாஸும் வெண்ணெயும் உண்டு, தொட்டுக்கொள்ள சீஸ் டிப் உண்டு. நம் ஊர் நாக்குக்கு அது சாதுவான காரம்தான்.

மறுநாள் காலைக்கு வருவோம். மூன்று ஸ்பூன் போட்டால் குடல் உறிஞ்சியது போக மிச்சம் கடைசி வரை பயணம் செய்யும். போகிற வழியில் குடலை விரட்டும், முடிகிற இடத்தில் நாக்கில் செய்ததையே செய்யும். ஒரு நாளில் அடங்கிவிடும். ஆசனவாயில் வெடிப்பு இருப்பவர்கள் மட்டும் ஆறும் வரை இந்த விளையாட்டில் சேர வேண்டாம். ரத்தம் போனால் "நேற்றுச் சாப்பிட்ட காரம்" என்று நீங்களே தீர்ப்பு எழுதாமல் மருத்துவரிடம் காட்டுங்கள்.

உங்கள் நெஞ்செரிச்சல்தான் எனக்கு உண்மையில் யோசனை தருகிறது. அதற்குக் காரணம் காரம் மட்டும் இல்லை. இரவு பத்தரைக்கு வெண்ணெய் சொட்டும் இறக்கைகள், பக்கத்தில் பீரோ கோலாவோ, பதினொன்றரைக்குப் படுக்கை. கொழுப்பு இரைப்பையில் நெடுநேரம் தங்கும். படுத்ததும் அமிலம் மேலே ஏறும். ஏற்கெனவே கன்றிப்போன உணவுக்குழாயில் கேப்சைசினும் சேரும். ஏழரைக்குச் சாப்பிட்டு முடித்தால் பாதிப் பிரச்சினை தீரும். பான்டோபிரசோலைச் சாப்பிட்ட பிறகு எரியும்போது போட்டால் பெரிய பலன் இல்லை. காலையில் வெறும் வயிற்றில், உணவுக்கு அரை மணி முன்பு போட வேண்டிய மருந்து அது. அதையும் நீங்களாக மாதக்கணக்கில் தொடராதீர்கள். வாரத்துக்கு இரண்டு முறைக்கு மேல் எரிச்சல் வந்தாலோ, விழுங்கும்போது அடைத்தாலோ, காரணமில்லாமல் எடை குறைந்தாலோ இரைப்பை குடல் மருத்துவரிடம் போங்கள். அவர் தேவைப்பட்டால் எண்டோஸ்கோப்பி சொல்வார்.

போட்டி என்று எழுதியிருக்கிறீர்கள். அதை மட்டும் நிறுத்துங்கள். அமெரிக்காவில் 47 வயதுக்காரர் ஒருவர் போட்டியில் இதே பேய் மிளகாய் விழுது தடவிய பர்கரைச் சாப்பிட்டார். வாந்தி எடுத்து எடுத்து உணவுக்குழாய் இரண்டரை சென்டிமீட்டர் கிழிந்துவிட்டது. 23 நாள் மருத்துவமனையில் கிடந்தார். இன்னொருவர் கரோலினா ரீப்பர் மிளகாயைக் கடித்த பிறகு, மூளை ரத்தக்குழாய்கள் சுருங்கி, இடி விழுந்ததுபோல் தலைவலி வந்து மருத்துவமனைக்குப் போனார். இரண்டும் மருத்துவ இதழ்களில் வந்தவை. அரிதானவைதான், ஆனால் இரண்டுமே பந்தயத்துக்குச் சாப்பிட்டதால் வந்தவை. சாப்பிட்ட பிறகு நெஞ்சில் பாரமாக அழுத்தி, தாடைக்கோ இடது கைக்கோ வலி பரவி, வியர்த்துக் கொட்டினால் "கேஸ்" என்று சோடா குடித்துக்கொண்டு உட்காராதீர்கள், உடனே இ.சி.ஜி. எடுக்க வேண்டும். ஓயாத வாந்தியோடு கடும் நெஞ்சுவலி, மூச்சுத்திணறல், ரத்த வாந்தி, தார் போன்ற கறுப்பு மலம், திடீரென்று வெடிக்கும் தலைவலி எதுவானாலும் 108-ஐக் கூப்பிடுங்கள்.

அப்புறம், காரம் போட்டால் கோழியில் உள்ள கிருமி செத்துவிடும் என்ற நினைப்பும் பலருக்கு உண்டு. சாகாது. சால்மோனெல்லாவுக்குச் சூடுதான் மருந்து: எலும்பை ஒட்டிய இடத்தில் 74 டிகிரி. பச்சைக் கோழியைக் குழாயடியில் கழுவினால் கிருமி சிங்க் முழுக்கத் தெறிக்கும். டிஷ்யூவால் ஒற்றி எடுங்கள். தோல் காய்ந்திருந்தால்தான் மொறுமொறுப்பும் வரும்.

என் கணக்கு இது: ஒரு கிலோ விங்ஸுக்கு நிறத்துக்குக் காஷ்மீரி இரண்டு டீஸ்பூன், காரத்துக்குக் குண்டூர் ஒன்று, வீரத்துக்குப் பூத் ஜோலாக்கியா கால் டீஸ்பூன், அதற்கு மேல் வேண்டாம். எண்ணெயில் பொரிக்காமல் ஓவனிலோ ஏர் ஃப்ரையரிலோ செய்து, வெந்த பிறகு சாஸில் புரட்டுங்கள். மகளுக்கும் காரம் ஆகாதவர்களுக்கும் சாஸ் படாத விங்ஸை முதலில் தனியாக எடுத்து வையுங்கள். "ஒரே ஒரு கடி கடிச்சுப் பாரு" என்று பிள்ளைகளிடம் நீட்ட வேண்டாம். 2023-ல் அமெரிக்காவின் மாசசூசெட்ஸில் மிகக் காரமான சிப்ஸ் ஒன்றைச் சவாலுக்காகத் தின்ற 14 வயதுச் சிறுவன் இறந்துபோனான். அவனுக்கு இதயத்தில் கோளாறு இருந்தது பிரேதப் பரிசோதனையில்தான் தெரியவந்தது.

மிச்சமிருக்கும் பொடியை இறுக்கமான மூடி போட்ட கண்ணாடி டப்பாவில் மாற்றி, பெரிய எழுத்தில் பெயர் ஒட்டி, அலமாரியின் மேல்தட்டில் வையுங்கள். அஞ்சறைப்பெட்டி பக்கம் அது வரவே கூடாது. ஊரிலிருந்து வரும் அம்மா சாம்பார் மிளகாய்த்தூள் என்று நினைத்து ஒரு கரண்டி அள்ளிப் போட்டுவிடுவார்.