அம்மாவின் மூட்டுவலிக்கு எந்த மாத்திரை?

கேள்வி: என் அம்மாவுக்கு 62 வயது. ரத்த அழுத்தத்துக்கு டெல்மிசார்டானும் ஹைட்ரோகுளோரோதயசைடும் கலந்த மாத்திரை சாப்பிடுகிறார். மூட்டுவலிக்காக மூன்று மாதமாக அசிக்ளோஃபெனாக், பாராசிட்டமால் கலந்த மாத்திரையைத் தினமும் இரண்டு வேளை போடுகிறார். சாப்பிட்ட பிறகுதான் போடுகிறார். போன வாரம் சளி பிடித்தபோது சளி மாத்திரையும் மூன்று வேளை சேர்த்துக்கொண்டார். இதையே தொடரலாமா? வேறு எது பாதுகாப்பானது?

பதில்: தொடர வேண்டாம். பதற்றப்படவும் வேண்டாம். வலி மாத்திரையை நிறுத்திவிட்டு இந்த வாரத்துக்குள் டாக்டரைப் பாருங்கள். ரத்த அழுத்த மாத்திரையை மட்டும் நீங்களாக நிறுத்திவிடாதீர்கள்.

முதலில் மாத்திரை அட்டையைத் திருப்பிப் பாருங்கள். முன்பக்கம் பெரிய எழுத்தில் இருப்பது கம்பெனி வைத்த பெயர். பின்பக்கம் பொடி எழுத்தில் இருப்பதுதான் மருந்து. அம்மாவின் வலி மாத்திரையில் வழக்கமாக அசிக்ளோஃபெனாக் 100 மில்லிகிராம், பாராசிட்டமால் 325 மில்லிகிராம் இருக்கும். இரண்டு வேளைக்குப் பாராசிட்டமால் 650. சளி மாத்திரைகள் பலவற்றிலும் பாராசிட்டமால் உண்டு. அதில் 500 இருந்தால் மூன்று வேளைக்கு 1500. மொத்தம் 2150. ஆரோக்கியமான பெரியவருக்கு ஒரு நாளுக்கான உச்ச அளவு 4000 மில்லிகிராம். எடை குறைந்தவர்கள், கல்லீரல் கோளாறு உள்ளவர்கள், தினமும் மது அருந்துபவர்களுக்கு இன்னும் குறைவு. அம்மா தப்பித்தார், சரி. ஆனால் அதே நாளில் காய்ச்சலும் வந்து 650 மாத்திரை மூன்று போட்டிருந்தால் 4100 ஆகியிருக்கும். பெயர் வேறு வேறு என்பதால் ஒரே மருந்தை மூன்று வழியில் விழுங்குவது யாருக்கும் தெரியாது. பாராசிட்டமால் அளவு மீறினால் கல்லீரல் கெடும். முதல் நாள் ஒன்றும் தெரியாமலே இருக்கலாம் என்பதுதான் அதன் கொடுமை. எனவே அளவு மீறிவிட்டது என்று தெரிந்தால் அறிகுறிக்காகக் காத்திருக்காமல் உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டும். முறிவு மருந்து இருக்கிறது. முதல் 8 மணி நேரத்துக்குள் கொடுத்தால்தான் அதற்கு முழுப் பலன்.

எனக்கு அதிகக் கவலை தருவது அந்த அசிக்ளோஃபெனாக்தான். ஐபுப்ரோஃபென், டைக்ளோஃபெனாக், நாப்ராக்சென் எல்லாம் அதே குடும்பம். உடலில் ப்ராஸ்டாகிளாண்டின் என்ற பொருள் உருவாவதைத் தடுத்து இவை வலியையும் வீக்கத்தையும் குறைக்கின்றன. அதே பொருள்தான் வயிற்றின் உட்சுவரை அமிலத்திலிருந்து காக்கிறது. சிறுநீரகத்துக்குப் போகும் ரத்தம் குறையாமல் பார்த்துக்கொள்வதும் அதுதான். மூட்டில் மட்டும் தடுத்துவிட்டு மற்ற இடங்களை விட்டுவிட மாத்திரைக்குத் தெரியாது.

சாப்பிட்ட பிறகு போட்டால் வயிற்றுக்கு ஒன்றும் ஆகாது என்று நம்மில் நிறையப் பேர் நினைக்கிறோம். எரிச்சல் சற்றுக் குறையலாம். புண் வராது என்பதற்கு அது உத்தரவாதம் இல்லை. மருந்து ரத்தத்தில் கலந்த பிறகுதான் பெரும்பாலான கெடுதலைச் செய்கிறது. ஊசியாகப் போட்டாலும் வயிற்றில் புண் வரலாம்.

இனி சிறுநீரகம். டெல்மிசார்டான் போன்ற மருந்து, ஹைட்ரோகுளோரோதயசைடு போன்ற நீர் பிரியும் மருந்து, இந்த வலி மாத்திரை மூன்றும் சேர்ந்தால் சிறுநீரகத்துக்கு மும்முனைத் தாக்குதல். வாந்தியோ வயிற்றுப்போக்கோ வந்து உடலில் நீர் வற்றும் நாளில் ஆபத்து இன்னும் கூடும். போதாததற்கு, இந்த மாத்திரைகள் ரத்த அழுத்தத்தையும் ஏற்றும். அதனால் அம்மாவுக்கு இப்போதே ரத்தத்தில் சிறுநீரகத்தின் நிலையைக் காட்டும் கிரியாட்டினினும், பொட்டாசியமும் பார்க்கச் சொல்கிறேன்.

அப்படியானால் வலிக்கு என்ன செய்வது? தேய்மானத்தால் வரும் முழங்கால் வலி என்றால் டைக்ளோஃபெனாக் ஜெல்லைப் பற்றி டாக்டரிடம் கேளுங்கள். தோலில் தடவும்போது ரத்தத்தில் கலப்பது மிகக் குறைவு. முழங்காலில் நன்றாகவே வேலை செய்யும். தொடைத் தசையை வலுவாக்கும் பயிற்சியைப் பிசியோதெரபிஸ்ட்டிடம் கற்றுக்கொண்டு விடாமல் செய்தால் மாத்திரையின் தேவையே குறையும். பாராசிட்டமாலைக் காய்ச்சல் மாத்திரை என்று ஒதுக்கிவிட வேண்டாம், அதுவும் வலி நிவாரணிதான். ஆனால் வீக்கத்தைப் பெரிதாகக் குறைக்காது. மூட்டுத் தேய்மானத்துக்கு அதன் பலன் சுமார்தான்.

'பவர்' கூடிய மாத்திரை என்று யாராவது டிரமடால் கொடுத்தால் வாங்காதீர்கள். அது அபினைப் போல வேலை செய்யும் ஓபியாய்டு வகை. மலச்சிக்கல், தலைச்சுற்றல், தூக்கக் கலக்கம், நாளடைவில் அது இல்லாமல் முடியாத நிலை எல்லாம் வரும். இந்த வயதில் தடுக்கி விழுந்தால் இடுப்பு எலும்பு முறியும். பிரீகாபலின் நரம்பு வலிக்கானது. எரிச்சல், மதமதப்பு, ஷாக் அடிப்பது போன்ற வலிக்குக் கொடுப்பார்கள். தேய்ந்த மூட்டுக்கு அது பொருந்தாது. இன்னொன்று, அம்மா தலைவலிக்கும் அடிக்கடி மாத்திரை போடுபவரா? மாதத்தில் 15 நாளோ அதற்கு மேலோ போட்டால், அந்த மாத்திரையே தலைவலியை வரவழைக்கும்.

டாக்டரிடம் போகும்போது வீட்டில் இருக்கும் எல்லா மாத்திரை அட்டைகளையும் ஒரு பையில் போட்டு எடுத்துப் போங்கள். பொடி எழுத்து இருக்கும் பக்கத்தைக் கிழித்துவிடாதீர்கள். இடையில் மலம் தார் போலக் கறுப்பாகப் போனால், ரத்த வாந்தி எடுத்தால், சிறுநீர் குறைந்தால், கால் வீங்கினால், மூச்சு வாங்கினால் அந்த நாளுக்காகக் காத்திருக்க வேண்டாம். அன்றைக்கே மருத்துவமனைக்கு அழைத்துப் போய்விடுங்கள்.